வெங்காயக் காசு போன வழி

இயேசு மரி சூசை துணை

ஜெலுத்தோங், பினாங்கு
12.3.2026

அன்பு மகன் ஜெஃப்ரிக்கு அம்மா சவுந்தரம் எழுதுவது. ஆண்டவர் கிருபையில் எனக்கும் உன் தங்கச்சி ஷெரிலுக்கும் படுக்கையில் விழும்படி ஒன்றும் இல்லை. நீயும் மருமகள் ஸ்டெஃபனியும் பேரன் நாதனும் பெர்த்தில் சுகமாக இருக்கவேண்டும் என்று பூசைக்குப் போகும்போதெல்லாம் மூன்று பேர் பெயரையும் சொல்லித்தான் வேண்டிக்கொள்கிறேன், அதில் நான் குறை வைக்கவில்லை. மனசு சுகமா என்று கேட்டால் அதற்குத்தான் இந்தக் கடிதம். போனில் சொல்லியிருக்கலாம், ஆனால் போனில் சொன்னால் நீ கார் ஓட்டிக்கொண்டே கேட்பாய், வாட்ஸ்அப்பில் சொன்னால் கட்டைவிரல் படம் ஒன்று போட்டு முடித்துவிடுவாய். பைராம் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் ஆறாம் வகுப்போடு நின்றவள் எழுத்து, கோணல்மாணலாகத்தான் இருக்கும், உட்கார்ந்து நிதானமாகப் படி. இங்கே லிஃப்ட் கெட்டுப்போய்ப் பதினொரு நாள் ஆகிறது, ஐந்து மாடியும் முட்டியைப் பிடித்துக்கொண்டுதான் ஏறி இறங்குகிறேன். ஷெரிலுக்கு இடுப்பு வலி விடவில்லை, பாலம் தாண்டி பத்து காவான் ஊரில் இருக்கும் பேக்டரியில் பன்னிரண்டு மணி நேரம் நின்றுகொண்டே வேலை, விடியுமுன் கம்பெனி பஸ் வந்துவிடுகிறது, முதுகில் பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டு போகிறாள். இதையெல்லாம் உனக்குத் தெரியட்டும் என்றுதான் எழுதுகிறேன், பணம் அனுப்பச் சொல்லி இல்லை.

நீ ஷெரில் மூலம் கொடுத்துவிட்ட பேங்க் காகிதக் கட்டு போன மாதம் இருபதாம் தேதி என் கைக்கு வந்தது. உங்கப்பா ஆர்தர் இறந்த பிறகு என் பெயருக்கு மாறிய இந்த வீட்டை ஈடு வைத்து நீ ஒன்றரை லட்சம் வெள்ளி லோன் எடுக்கவேண்டும், அதை வைத்து அங்கே வீடு வாங்க டெபாசிட் கட்டவேண்டும், அதற்கு நான் நாலு இடத்தில் கையெழுத்துப் போடவேண்டும், அதுவும் இந்த மாதம் முடிவதற்குள். "சும்மா ஒரு கையெழுத்துதாம்மா, நீங்க ஒரு காசு கட்ட வேண்டாம்" என்று நீ சொன்னது என் காதில் இருக்கிறது. பின்னால் இருந்து ஸ்டெஃபனி, "வீடு சும்மாதானே நிக்குது மாமி" என்று சொன்னதும் இருக்கிறது. அந்த வீட்டில் இரண்டு பேர் சமைத்துச் சாப்பிட்டுப் படுத்து எழுந்திருக்கிறோம் என்று மருமகளிடம் சொல். ஷெரில் என்னடா என்றால் உனக்காக என்னிடம் மல்லுக்கு நிற்கிறாள். "அண்ணன் கேக்குதுலா, போட்டுக் குடுங்களேம்மா, அது என்ன ஏமாத்தவா போகுது" என்று பேனா மூடியைத் திறந்து என் கையில் வைக்கிறாள். நான் மூடியைப் போட்டு வைத்துவிட்டேன். உங்கப்பா எதை வாங்கினாலும் மாதம் எவ்வளவு என்றுதான் கேட்பார், மொத்தம் எவ்வளவு என்று ஒரு நாளும் கேட்டதில்லை. இந்தத் தடவை நான் கேட்டுவிடுவது என்று போன வாரம் செவ்வாய்க்கிழமை படி இறங்கி பஸ் பிடித்து பேங்குக்குப் போனேன்.

அங்கே ஃபரா என்று ஒரு பெண், முக்காடு போட்ட நம்ம தமிழ் முஸ்லிம் பிள்ளை, மரியாதையாக உட்காரவைத்துப் பேசினாள். "மாசம் எழுநூத்தி முப்பத்திநாலு வெள்ளி ஆன்ட்டி" என்று ஆரம்பித்தாள். "மாசத்தை விடும்மா, கடன் முடியிற அன்னிக்கு மொத்தம் எவ்வளவு போயிருக்கும், அதைச் சொல்லு" என்றேன். அவள் மெஷினைத் தட்டி என் பக்கம் திருப்பிக் காட்டினாள். இரண்டு லட்சத்து அறுபத்து நாலாயிரம். ஒன்றரை லட்சத்துக்கு, முப்பது வருஷத்தில். அதுவும் வட்டி இன்றைக்கு இருப்பதுபோலவே இருந்தால்தானாம். அது முடியும்போது உனக்கு எழுபது வயது, நான் உயிரோடு இருந்தால் எனக்குத் தொண்ணூற்றெட்டு. நடுவில் நீ கட்டாமல் விட்டால் என்ன ஆகும் என்று கேட்டேன். அந்தப் பிள்ளை கொஞ்சம் தயங்கித்தான் சொன்னாள், "மகன் பேர்லதான் லோன், ஆனா பேங்க் புடிக்கிறது உங்க வீட்டைத்தான் ஆன்ட்டி." நீ சொன்ன சும்மா கையெழுத்து இதுதான். உனக்குத் தெரியாமலா இருக்கும்.

எழுந்து வந்திருக்கலாம். ஆனால் இத்தனை வருஷம் என் நெஞ்சில் கிடந்த கேள்வி ஒன்று உண்டு, அதையும் கேட்டேன். இந்த வீட்டை எண்பத்தையாயிரத்துக்கு வாங்கினோம், எழுபத்தாறாயிரம் கடன், மாதம் அறுநூற்று நாற்பது, இருபத்தைந்து வருஷம் கட்டினோம். நடுவில் ஒன்பதரை வருஷம் நான் மாதம் நூற்றிருபது வெள்ளி கூடக் கட்டினேன், அப்படியிருந்தும் கடன் ஏன் ஒரு நாள்கூட முந்தி முடியவில்லை என்று கேட்டேன். பழைய காகிதம் இருந்தால் கொண்டுவரச் சொன்னாள். உங்கப்பாவின் நீலப் பிளாஸ்டிக் ஃபைலை எடுத்துக்கொண்டு வியாழக்கிழமை மறுபடியும் போனேன். அந்த நூற்றிருபது எங்கிருந்து வந்தது என்று உனக்கு மறந்திருக்காது. கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் சாலையில் 2008 மே வரை இருந்த நாசி கண்டார் சோற்றுக் கடைக்குச் சின்ன வெங்காயமும் பூண்டும் உரித்துக் கொடுத்த கூலி. மூட்டை மூட்டையாக வேனில் வந்து இறங்கும், கிலோவுக்கு எண்பது காசு. நகக்கண்ணெல்லாம் வெடித்து எரியும், கோயிலில் பூசையின்போது நன்மை அப்பம் வாங்கக் கை நீட்டக் கூச்சமாக இருக்கும். உன் சிநேகிதர்கள் வீட்டுக்கு வந்த அன்றைக்கு, "அம்மா நீங்க உள்ள போங்க, நாறுது" என்று சொன்னாய், உனக்கு அப்போது பதினாலு வயது, சிவப்புச் சட்டை போட்டிருந்தாய். நான் உள்ளே போய் உட்கார்ந்து மிச்சத்தை உரித்தேன்.

ஃபரா ஒவ்வொரு தாளாகப் பார்த்தாள். முதலில் ஒன்று காட்டினாள். நாங்கள் கட்டின முதல் வருஷத்தில் அந்த அறுநூற்று நாற்பதில் ஐந்நூற்றெழுபது வட்டிக்கே போயிருக்கிறது, கடன் குறைந்தது மாதம் எழுபது வெள்ளிதான். உங்கப்பா துறைமுகத்தில் வெயிலில் நின்று கொண்டுவந்த சம்பளத்தில் பாதியை எடுத்து வைத்தோம், அதில் எழுபது வெள்ளி. மொத்தத்தில் ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டு விலைக்கு மேலே கொடுத்திருக்கிறோம். சரி, அது ஊரில் எல்லாருக்கும் உள்ளதுதான் என்று மனசைத் தேற்றிக்கொண்டேன். அப்புறம்தான் சொன்னாள். "ஆன்ட்டி, நீங்க கூடக் கட்டினது அசல்ல விழவே இல்ல, முன்பணம்னு தனியா கெடந்திருக்கு, அதுக்கு வட்டி குறையாது. அசல்ல கழிச்சுக்குங்கன்னு ஒரு லெட்டர் குடுத்திருக்கணும்." ஒரே ஒரு வரி எழுதின லெட்டர். அதைக் கொடுத்திருந்தால் ஆறு வருஷம் முன்னாலேயே கடன் முடிந்திருக்குமாம். ஒன்பதரை வருஷம் மாதம் தவறாமல் கவுண்டரில் பணத்தை நீட்டினேன், வாங்கினவன் ஒருத்தனும் சொல்லவில்லை. வருஷக் கடைசியில் வரும் கணக்குத் தாளின் பின்பக்கம் அது பொடி எழுத்தில் அச்சடித்திருக்கிறது, ஃபரா விரல் வைத்துக் காட்டினாள். அந்தத் தாளை வீட்டில் படித்துச் சொன்னவன் நீ. "எல்லாம் சரியாத்தான் இருக்கும்மா" என்பாய். பள்ளிக்கூடப் பிள்ளை முன்பக்கத்தைப் பார்த்துச் சொன்னதை நான் உன் தலையில் ஏற்றவில்லை. மறக்கவும் இல்லை.

இதோடு விட்டிருந்தால் இந்தக் கடிதம் வந்திருக்காது. முன்பணமாகக் கிடந்த அந்தப் பதிமூவாயிரத்துச் சொச்சம் என்ன ஆனது என்று கேட்டேன். 2008 ஜூன் தொடங்கி இருபத்தொரு மாதம் அந்தக் கணக்கில் யாரும் ஒரு வெள்ளி கட்டவில்லை, பேங்க் மாதாமாதம் என் வெங்காயக் காசிலிருந்து தவணையை எடுத்துக்கொண்டது. அந்த இருபத்தொரு மாதமும் உங்கப்பா சம்பளத்தன்று அறுநூற்று நாற்பது வெள்ளியை எண்ணிக் கவரில் போட்டு, "பேங்குக்குப் போயிட்டு வந்துடுறேன் சவுந்தரம்" என்று சொல்லிவிட்டுத்தான் போனார். அது பெர்த்துக்குப் போயிருக்கிறது. நீ அந்த ஜூலையில்தான் அங்கே படிக்கப் போனாய். கணக்குத் தாளுக்குப் பின்னால் ஒரு லெட்டர் நகல் இருந்தது, இங்கிலீஷில், அடியில் அப்பாவின் கையெழுத்து. எனக்கு இங்கிலீஷ் படிக்கத் தெரியாது, ஆனால் வலது பக்கம் சாய்ந்து ஓடும் உன் எழுத்து எந்தப் பாஷையில் இருந்தாலும் எனக்குத் தெரியும். ஃபரா வாசித்தாள். முன்பணத்தை எடுத்து மாதத் தவணைக்கு வைத்துக்கொள்ளுங்கள் என்று ஐந்து வரி. 2008 மே மாதம். அந்த மாதம் ஒரு நாள் நீயும் அப்பாவும் மோட்டார் சைக்கிளில் வெளியே போய்த் திரும்பும்போது எனக்குச் சாப்பிட மீ கோரெங் வாங்கிவந்தீர்கள். என்ன விசேஷம் என்று கேட்டேன், "சும்மாதாம்மா" என்றாய். ஆக பேங்குக்கு லெட்டர் எழுத உனக்குத் தெரிந்திருக்கிறது.

படித்ததற்காக நான் வருத்தப்படவில்லை. கேட்டிருந்தால் என் கையாலேயே எடுத்துக் கொடுத்திருப்பேன், இன்னும் இரண்டு மூட்டை கூட உரித்திருப்பேன். நான் எழுதுவது ஷெரிலுக்காக. அதே மே மாதம் அவளுக்கு நர்ஸ் படிப்புக்கு இடம் கிடைத்தது, ஆயிரத்து ஐந்நூறு வெள்ளி கட்டினால் போதும், ஜூன் முடிவதற்குள். அந்தக் காகிதத்தைத் தலையணை உறையில் வைத்துத் தூங்கினாள். உங்கப்பா அவளைக் கூப்பிட்டு, "வீட்டுக் கடன் கழுத்தைப் புடிக்குதுடா கண்ணு, அடுத்த வருஷம் பாத்துக்கலாம்" என்றார். நீ அந்த அறையில்தான் இருந்தாய், பெட்டியில் துணி அடுக்கிக்கொண்டு. நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. செப்டம்பரில் அவள் பேக்டரிக்குப் போனாள். முதல் சம்பளத்தில் இருநூறு வெள்ளியை எடுத்து, "அப்பா, இது வீட்டுக் கடனுக்கு" என்று கொடுத்தாள். மாதாமாதம் கொடுத்தாள். அவள் கொடுத்த நேரத்தில் அந்தக் கடனுக்கு யாரும் ஒரு காசு கட்டிக்கொண்டிருக்கவில்லை ஜெஃப்ரி. அதுவும் உனக்குத்தான் வந்தது. அவள் உடுத்தவேண்டிய வெள்ளைச் சட்டையை விற்றுத்தான் நீ படித்து முடித்தாய் என்று எழுதினால் உனக்குக் கோபம் வரும், வரட்டும்.

உங்கப்பாவை நான் சும்மா விட்டேன் என்று நினைக்காதே. ஐம்பத்தைந்து வயதில் துறைமுகத்தை விட்டபின் கொண்டோ அடுக்குமாடி வாசலில் ஜாகா காவல் வேலைக்கு உட்கார்ந்து, கடன் முடிகிறவரை பத்து வருஷம் ராத்திரி பகல் பார்த்து, முடிந்த மறு வருஷமே போய்விட்டார். அதில் ஆறு வருஷம் உட்காரவேண்டியதே இல்லை. தான் செய்ததைத் தானே அனுபவித்தார், என்னிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் போனார், அதை அவர் படத்துக்கு முன்னால் நின்று சத்தமாகவே சொல்லிவிட்டேன். இந்த வருஷம் அவர் பெயரில் பூசை கேட்பதா என்று இன்னும் யோசிக்கிறேன். தவக்காலத்தில் மனக்கசப்பை வைத்திருக்கக்கூடாது என்று சாமியார் பிரசங்கத்தில் சொன்னார். சாமியாருக்கு வீட்டு லோன் கிடையாது. என் பங்கும் இதில் உண்டு. அன்றைக்கு ஷெரிலைச் சமாதானம் செய்தவள் நான்தான், அண்ணன் முதலில் ஏறட்டும், அப்புறம் உன்னைக் கைகொடுத்துத் தூக்குவான் என்று சொன்னேன். அதற்கு நான் அவளிடம் பேசிக்கொள்வேன்.

இப்போது முடிவாகச் சொல்கிறேன். கையெழுத்துப் போடமாட்டேன். காகிதக் கட்டை அப்படியே இதோடு வைத்து அனுப்புகிறேன், உன் லெட்டர் நகலையும் ஃபரா ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தாள், அதுவும் உள்ளே இருக்கிறது, உன் எழுத்தை நீயே பார்த்துக்கொள். இந்த வீட்டை ஷெரில் பெயருக்கு மாற்றுவதற்கு வக்கீலைப் பார்த்துப் பேசிவிட்டேன், வருகிற மாதம் முடிந்துவிடும். அவளுக்கு இது ஒன்றும் தெரியாது. நேற்றும் உனக்காகத்தான் பேசினாள். நீல ஃபைலை அலமாரியில் என் சேலைக்கு அடியில் வைத்திருக்கிறேன், குருத்து ஞாயிறு அன்றைக்குக் கோயிலிலிருந்து வந்ததும் அவள் கையில் கொடுப்பேன். அதற்கு முன்னால் நீயே அவளைக் கூப்பிட்டு உன் வாயால் சொல்லிவிடு. சொன்னால் அம்மா இறங்கி வந்து கையெழுத்துப் போடுவாள் என்று கணக்குப் போடாதே, அது நடக்காது. அவளுக்குச் சொல்லவேண்டியது உன் கடன், அவ்வளவுதான். அங்கே நீ வீடு வாங்கினால் சின்னதாக வாங்கு, கூடக் கட்டும் பணம் எதில் விழுகிறது என்று முதல் மாதமே எழுதிக் கேள், ஸ்டெஃபனிக்குத் தெரியாமல் ஒன்றும் செய்யாதே.

மாதாவும் சூசையப்பரும் உங்கள் மூன்று பேருக்கும் துணை இருக்கட்டும். நாதன் நெற்றியில் என் பெயர் சொல்லிச் சிலுவை போடு. என் ஆசீர் உனக்கு எப்போதும் உண்டு, கோபம் இருந்தாலும் உண்டு. ஷெரிலுக்கு இந்த இரண்டு வாரமும் பகல் வேலை, ராத்திரி எட்டு மணிக்கு வந்து குளித்துச் சாப்பிட உட்காருவாள், எட்டரைக்குப் போன் எடுப்பாள். உனக்கும் எங்களுக்கும் மணி ஒன்றுதான், நேரம் தெரியவில்லை என்று சொல்லாதே.

இப்படிக்கு
உன் அம்மா
ஆ. சவுந்தரம்