தோளில் விழுந்த அங்கி

2013 மார்ச் 4, ஓரான்

இன்றும் கரன்டிக்கா இல்லை. தெருமுனை அடுப்பிலிருந்து அந்தக் கடலைமாவு வாசனை மாடிவரை ஏறி வந்தது. நான் வேகவைத்த கேரட்டோடு உட்கார்ந்திருந்தேன்.

முப்பது வருடமாக மேடையிலும் படத்திலும் வாயில்காப்போன், பக்கத்து வீட்டுக்காரன், மாமனாரிடம் அறை வாங்குபவன். இப்போதுதான் முதல்முறையாகக் கதாநாயகன் – எல்லையில் கழுதைமேல் பெட்ரோல் கடத்துபவன். டைரக்டர் நஸீம் ஒரே ஒரு நிபந்தனை போட்டான். "முள்வேலிக்கு அடியில நுழையணும் கதூர் அண்ணே. இந்தத் தொப்பையோட நுழைஞ்சா வேலியும் கூடவே வந்துடும்."

மார்ச் 17

பெல்ட்டில் புது ஓட்டை போட்டேன். என் மனைவி கைராவுக்கு மட்டும் சந்தோஷமில்லை. "கல்யாணத்தப்பகூட நீ இவ்வளவு அசிங்கமா இல்ல மனுசா" என்கிறாள்.

மார்ச் 21

காபிக்கடையில் ஸுபீர். என்னோடு மேடையேறியவன், நான் வாயில்காப்போன் என்றால் அவன் தோட்டக்காரன். என் கையைப் பிடித்தவன் வெகுநேரம் விடவில்லை.

"டாக்டர் என்ன சொல்றாரு?"

"எந்த டாக்டர்?"

"சரி சரி, சொல்ல வேணாம்."

என் காபிக்கும் அவனே காசு கொடுத்தான். ஸுபீர், காசு! அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

ஏப்ரல் 2

எனக்குப் பாராட்டு விழாவாம். கலாசாரத் துறை அதிகாரி வீட்டுக்கே வந்து சொன்னார். கேடயம், பூங்கொத்து, தோளில் வெள்ளைக் கம்பளி அங்கி. எத்தனை விழாவில் நானே கைதட்டியிருக்கிறேன். போர்த்திக்கொண்டவர்களில் அடுத்த ரமலானைப் பார்த்தவர் யார்?

"எனக்கு ஒண்ணுமில்லீங்க, டயட்" என்றேன்.

"கடைசிவரைக்கும் சிரிக்க வைக்கிறீங்களே" என்று கண்ணைத் துடைத்தார்.

ஏப்ரல் 9

போர்த்திவிட்டார்கள். ஏற்புரையில் என் பழைய ஜோக் ஒன்றைச் சொன்னேன். முன்வரிசை அழுதது.

ஏப்ரல் 11

நஸீம் போன் செய்தான். குரலில் தேன்.

"நீங்க ரெஸ்ட் எடுங்கண்ணே. அந்த வெயில், கழுதை, கம்பி... அந்தப் பாவம் எனக்கு வேணாம். ஸுபீர் அண்ணன்கிட்ட பேசிட்டேன்."

"டேய், நீ சொல்லித்தானேடா இளைச்சேன்."

"எல்லாரும் இப்படித்தான் ஏதாவது காரணம் சொல்வாங்கண்ணே."

தொப்பையும் போச்சு, வேஷமும் போச்சு. வயிறு எரியுது. யார்கிட்ட போய் அழறது? அழுதா வலியில அழறான்னுவானுங்க.

ஏப்ரல் 20

அதிகாரி கூப்பிட்டார். அங்கியைத் திருப்பித் தர வேண்டுமாம். துறையில் இருப்பதே அது ஒன்றுதான், அடுத்த விழாவுக்கு வேண்டும்.

"யாருக்கு?"

"இன்னும் முடிவாகல. உடம்புக்கு முடியாத கலைஞர் யாராவது இருந்தா சொல்லுங்களேன்."

நான் நல்லவன்தான். வாய்தான் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை. "ஸுபீர்னு ஒருத்தன். இருமலை மறைச்சுக்கிட்டுத் திரியறான், பாவம்" என்றேன். கைரா அங்கியை இஸ்திரி போட்டுக் கொடுத்தாள்.

ஏப்ரல் 28

ஸுபீருக்கு விழா. நான்தான் பலமாகக் கைதட்டினேன். அவன் முகம் அங்கியைவிட வெளுத்திருந்தது.

ஏப்ரல் 29

நஸீம்: "ரெண்டு பேருமே போகப்போறீங்க. நீங்களாவது ஒல்லியா இருக்கீங்க. வந்துடுங்கண்ணே."

மே 7, மக்னியா

எல்லையில் முதல் நாள் படப்பிடிப்பு. சட்டைகூடக் கிழியாமல் வேலிக்கு அடியில் நுழைந்து வெளியே வந்தேன். கழுதைதான் மூன்று டேக் வாங்கியது. இவ்வளவு சந்தோஷமாக நான் எப்போது இருந்தேன்? ஞாபகமில்லை.

சாயங்காலம் ஸுபீர் போனில் வந்தான்.

"கதூரு, அங்கியை வாங்கிட்டுப் போனாங்கடா. அடுத்து யாருக்குன்னு என்னைக் கேட்டாங்க. உன்னையும் அப்படித்தான் கேட்டாங்களாமே?"

"நீ யாரைச் சொன்ன?"

சிரித்துக்கொண்டே வைத்துவிட்டான்.

மே 9

படப்பிடிப்பு இல்லை. காலைப் பேப்பரில் செய்தி: டைரக்டர் நஸீமுக்குப் பாராட்டு விழா. மதியத்துக்குள் தயாரிப்பாளர் பெரிய பூங்கொத்தோடு வந்து இறங்கிவிட்டார். நஸீமின் கையைப் பிடித்தவர் விடவே இல்லை.

"படம் கிடக்குது தம்பி. டாக்டர் என்ன சொல்றாரு?"

கழுதையை நிழலில் கட்டிவிட்டுக் கடைத்தெருவுக்குப் போனேன். கரன்டிக்கா இங்கேயும் கிடைக்கிறது. இரண்டு வாங்கினேன்.