பதினான்காவது நிமிடம்

அன்புள்ள சாக்பீஸ் அக்காவுக்கு,

நலமாக இருக்கிறீர்களா? உங்கள் முகத்தை நான் பார்த்ததே இல்லை. போர்டும், கையும், வளையலில் படிந்த வெள்ளைத் தூளும்தான் தெரியும். நீங்கள் கடைசியாக வீடியோ போட்டு இன்றோடு அறுபத்தொரு நாள். சேனலில் இருந்த மின்னஞ்சலுக்கு இதை அனுப்புகிறேன்.

நான் யார் என்று முதலிலேயே சொன்னால் மூடிவிடுவீர்களோ என்று பயம். அதனால் வேறு விஷயம் சொல்கிறேன். சலவைக் கடையில் இஸ்திரி போடுகிறேன். கடைக்குப் பின்னால் மூட்டை அடுக்கும் அறையில்தான் தங்கல். கணக்கில் பெயில், படிப்பு அதோடு நின்றது. இப்போது தனித்தேர்வு எழுதப் போகிறேன். உங்கள் நூற்றுப்பன்னிரண்டு வீடியோதான் எனக்குப் பள்ளிக்கூடம்.

ஒவ்வொரு வரி எழுதியதும் "சரியா?" என்பீர்களே, நான் சத்தமாக "சரிக்கா" என்பேன். முதலாளியம்மா ஒரு நாள் திரையை விலக்கி, "உள்ள யாருகூடடி பேசுற?" என்றார். எங்க அக்கா என்றேன். "பெரிய அக்கா! ஒரு நாளாவது உன்னைப் பார்க்க வந்திருக்காளா?" என்று சிரித்தார்.

சரி, சொல்லிவிடுகிறேன். 'இஸ்திரிப்பெட்டி' என்ற பெயரில் அந்தக் கமெண்ட் போட்டது நான்தான்.

x + y = 7 ஒரு கோடு, x² + y² = 25 ஒரு வட்டம். கோட்டில் இருந்து y-க்கு 7 − x என்று எடுத்து வட்டத்தில் போட்டீர்கள். x-க்கு 3, 4 வந்தது. அதை மறுபடி கோட்டில் போடாமல் வட்டத்தில் போட்டீர்கள். வர்க்கமூலம் எடுத்ததும் ஒவ்வொன்றுக்கும் கூட்டலில் ஒன்று, கழித்தலில் ஒன்று. போர்டில் நாலு ஜோடி! எனக்குக் கை பரபரத்தது அக்கா. அக்காவே தப்பு பண்ணிட்டாங்க, நான் கண்டுபிடிச்சிட்டேன்! நான் எப்போதும் இரட்டை வேகத்தில்தான் பார்ப்பேன். அங்கேயே நிறுத்திவிட்டு எழுதினேன்: "ஒரு கோடு வட்டத்தை நாலு இடத்துல வெட்டுமா? முதல்ல நீங்க படிச்சிட்டு வாங்க."

ஆயிரத்து முந்நூறு லைக். என் வாழ்க்கையில் அத்தனை பேர் என்னிடம் பேசியதே இல்லை. கீழே அவர்கள் உங்களைக் கேலி செய்து எழுதியதை எல்லாம் வாசித்துச் சிரித்தேன். அதையும் மறைக்க மாட்டேன்.

நீங்கள் வராமல் போன பிறகுதான் அந்த வீடியோவை முழுதாகப் பார்த்தேன். பதினான்காவது நிமிடத்தில் சாக்பீஸை மாற்றிக்கொண்டு சொல்கிறீர்கள்: "இந்த நாலு பேரையும் கோட்டுகிட்ட கூட்டிட்டுப் போங்க. மூணும் மைனஸ் நாலும் கூட்டினா ஏழு வருமா? வராது. அப்ப அவங்க வீட்டுக்குப் போகலாம்." இரண்டை அடித்துவிட்டு, நிறைய பேர் இங்கேதான் வழுக்குவார்கள், அதனால்தான் வேண்டுமென்றே போட்டுக் காட்டினேன் என்கிறீர்கள்.

தப்பு உங்களுடையது இல்லை அக்கா. என் கமெண்டை அழித்துவிட்டு மன்னிப்புக் கேட்டு எழுதினேன். அதற்கு இரண்டு லைக். ஒன்று நானே போட்டது.

அப்புறம் முதல் வீடியோவில் இருந்து எல்லாவற்றையும் சாதாரண வேகத்தில் கடைசி நொடிவரை பார்த்தேன். பாடம் முடிந்து, கை துடைத்து, கேமராவை அணைக்கும் முன் ஒவ்வொன்றிலும் மெதுவாக ஒன்று கேட்கிறீர்கள்: "யாராவது இன்னும் இருக்கீங்களா?" நூற்றுப்பன்னிரண்டு தடவை கேட்டிருக்கிறீர்கள். ஒரு கமெண்டில்கூட அதற்குப் பதில் இல்லை. தேடிப் பார்த்துவிட்டேன்.

நேற்று முதலாளியம்மா, "என்னடி, உன் அக்கா சத்தத்தையே காணோம், சண்டையா?" என்றார். இஸ்திரியைப் பார்த்துக்கொண்டு ஆமாம் என்றேன்.

தேர்வுக்கு இருபது நாள் இருக்கிறது. அதற்காகக் கூப்பிடவில்லை அக்கா, எழுதிவிடுவேன். பேசாமல் வெறும் போர்டைக் காட்டினாலும் போதும். உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

இருக்கேன்க்கா.

இப்படிக்கு,
இஸ்திரிப்பெட்டி