கடைசி மடைக்கு முதலில் வரும் துடி

செப்டம்பர் 3, புதன்

வெயில். மேகம் பேருக்குக்கூட இல்லை.

இந்த நோட்டில் நடந்ததை நடந்தபடியே எழுதுவேன். தப்பு என்னுடையதாக இருந்தாலும். கற்பனைக்குத் தனி நோட்டு இருக்கிறது (பச்சை அட்டை, மா.வெ.).

மா.வெ. = மாவெளி. நானும் தங்கை தேனுவும் உண்டாக்கிய உலகம். தேனு நாலாம் வகுப்பு. படம் அவள், விதி நான். அங்கே சூரியன் கிடையாது. நாற்பது நாளுக்கு ஒரு தடவை மண்ணுக்கு அடியிலிருந்து துடி கிளம்பும். நீல வெளிச்சம். வாய்க்கால் வழியாக ஓடும். அது பட்டால் காய்ந்தது எதுவும் துளிர்க்கும். விதிகள்:

1. நாற்பதாம் நாள்தான். முந்தாது, பிந்தாது.
2. இருட்டில்தான் தெரியும்.
3. கடைசி மடைக்குத்தான் முதலில் வரும்.

மூன்றாவது ஏனென்றால், எங்கள் வாய்க்காலில் கடைசி மடை எங்களுடையது.

இன்று மா.வெ.யில் 31ஆம் நாள்.

நிஜத்தில்: கல்லணையில் தண்ணீர் திறந்து ஏழு நாள். எங்கள் மடைக்கு வர ஒன்பது நாள் ஆகும் என்று கணக்குச் சொன்னது நான். போன வருஷம் குறித்து வைத்திருந்தேன். அதை நம்பி அப்பா புழுதியில் விதை தெளித்துவிட்டார். நடுவில் ஒரு மழை. முளைத்துவிட்டது, ஊசி ஊசியாக. இன்னும் இரண்டு நாள் தாங்கினால் போதும்.

கலியபெருமாள் பெரியப்பா (பக்கத்து வயல், இன்னும் விதைக்கவில்லை): "என்ன டீச்சரம்மா, தண்ணி உங்கிட்ட சொல்லிட்டுத்தான் கெளம்புதா?"

அப்பா: "எம் பொண்ணு சொன்னா சரியா இருக்கும்ண்ணே."

செப். 5, வெள்ளி

ஒன்பதாம் நாள். காலையில் அப்பாவோடு மடைக்குப் போனேன். வாய்க்காலில் காய்ந்த ஆகாயத்தாமரை, பிளாஸ்டிக் டம்ளர், ஒற்றைச் செருப்பு. சாயங்காலம் மறுபடி போனோம். அதே செருப்பு.

"ஒரு நாள் முன்ன பின்ன இருக்கும்," என்றார் அப்பா.

அறிவியல் டெஸ்ட் 48/50. வீட்டில் சொல்லவில்லை.

செப். 6, சனி

முறை வைத்துவிட்டார்களாம். இந்த வருஷம் தண்ணீர் குறைவு. எல்லா வாய்க்காலுக்கும் ஒரே நேரத்தில் விட முடியாது, ஒவ்வொன்றாகத்தான். எங்கள் முறை வர இன்னும் பதினோரு நாள். பெரியப்பா வாசலில் நின்று சொன்னார். அதனால்தான் அவர் விதைக்கவில்லையாம். இன்றைக்குக் கேலி இல்லை. அதுதான் பயமாக இருந்தது.

எங்களுக்குப் போர்வெல் கிடையாது. மழை வந்தால் உண்டு. அப்பா போனில் அடிக்கடி வானிலை பார்க்கிறார். ஏழு நாளைக்கும் சூரியன் படம்.

மறைக்க மாட்டேன் என்றுதானே ஆரம்பித்தேன். முறை வைப்பதைப் பற்றிய நோட்டீஸை நான் முன்பே பார்த்தேன். விதை தெளிப்பதற்கு முந்தின நாள், பஸ் ஸ்டாப் சுவரில். 'முறை வைத்து' என்பது வரை படித்தேன், பஸ் வந்துவிட்டது. மறுநாளும் அதே சுவர் பக்கத்தில்தான் நின்றேன். திரும்பிப் பார்க்கவில்லை. ஒன்பது என்று அப்பாவிடம் ஏற்கெனவே சொல்லியாகிவிட்டது.

செப். 9, செவ்வாய்

வயலில் வெடிப்பு. ஸ்கேலை விட்டுப் பார்த்தேன், எட்டு செ.மீ. முளை நுனி முதலில் மஞ்சள், இப்போது பழுப்பு.

அம்மா அடிபம்பிலிருந்து குடம் குடமாகச் சுமந்து ஊற்றினாள். பத்துக் குடம். ஒரு பாய் விரிக்கிற இடம் நனைந்தது. "போதும், விடு" என்று அப்பா குடத்தை வாங்கிக்கொண்டார்.

நோட்டீஸ் விஷயத்தை அப்பாவிடம் சொல்லிவிட்டேன். திட்டுவார் என்று நின்றேன்.

"சாப்பிட்டியா?" என்றார்.

பிறகு பெரியப்பாவிடம் போய், எந்தக் கிழமை உழுதால் தோதுப்படும் என்று கேட்டுக்கொண்டிருந்தார். வழக்கமாக என்னைத்தான் கேட்பார்.

செப். 11, வியாழன்

சனிக்கிழமை டிராக்டர். முளையோடு சேர்த்து உழுதுவிடுவது. மறுபடி தெளிக்க விதைநெல் இல்லை, வாங்கப் பணமும் இல்லை. ஞாயிறு அப்பா திருப்பூர், சித்தப்பா வேலை பார்க்கிற பனியன் கம்பெனிக்கு. பையில் வைத்தது: கைலி 2, சட்டை 3, போர்வை, ஆதார் ஜெராக்ஸ், எலுமிச்சை ஊறுகாய். "பொங்கலுக்கு வந்துருவேன்ல," என்கிறார் அம்மாவிடம்.

தேனு ஒரு கைப்பிடி முளையை மண்ணோடு பெயர்த்து டிபன் பாக்ஸில் வைத்திருக்கிறாள். கட்டிலுக்கு அடியில். தண்ணீர் விட்டால் ஏமாற்று ஆகிவிடும் என்று ஒரு சொட்டுக்கூட விடவில்லையாம்.

"நாளைக்கு நாப்பதுக்கா."

"அது கதை தேனு."

"கடைசி மடைக்கு முதல்ல வரும்னு நீதானே எழுதுன?"

"எழுதினேன்."

"அப்ப பொய்யா எழுதுனியா?"

டிபன் பாக்ஸை மறுபடி கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டுப் போய்விட்டாள்.

செப். 12, வெள்ளி

வெயில். நாற்பதாம் நாள்.

பள்ளிக்கூடம் விட்டு வரும்போது பஸ் ஸ்டாப் சுவரில் நோட்டீஸைத் தேடினேன். மேலே வேறு போஸ்டர் ஒட்டிவிட்டார்கள்.

இருட்டினதும் தேனு டிபன் பாக்ஸைக் கூடத்து நடுவில் வைத்து மூடியைத் திறந்தாள். முளை வைக்கோல் நிறம். தொட்டால் ஒடிகிறது. அம்மா எட்டிப் பார்த்துவிட்டு அடுக்களைக்குப் போய்விட்டாள். பையின் ஜிப்பை மூடிக்கொண்டிருந்த அப்பா வந்து தரையில் உட்கார்ந்தார், தேனு பக்கத்தில்.

என்னைப் பார்த்து, "எத்தனை மணிக்கும்மா வரும்?" என்றார்.

செவ்வாய்க்குப் பிறகு இன்றைக்குத்தான் என்னிடம் ஒரு கணக்குக் கேட்கிறார். ஏழரை என்று சொல்லியிருக்கலாம். தேனு ஏழரை வரை சந்தோஷமாக இருப்பாள்.

"தெரியலப்பா," என்றேன்.

"சரி," என்றார். எழுந்து போகவில்லை.

தேனு ஸ்விட்சில் கை வைத்துக்கொண்டு நிற்கிறாள். "சீக்கிரம் எழுதுக்கா. இருட்டுலதான் தெரியும்."

மணி ஏழு இருபது. விளக்கை அணைக்கப் போகிறாள்.