பதினேழு தடவை செத்தவன்

பானவெஜிஸ்,
டிசம்பர் 2

அன்பு மகள் மில்தாவுக்கு அப்பா எழுதுவது. சாப்பிடுகிறேன், தூங்குகிறேன், மூன்று மாடியும் ஏறி இறங்குகிறேன், அதனால் சுகமாக இருப்பதாகவே வைத்துக்கொள். அங்கே டப்ளினில் நீயும் மாப்பிள்ளையும் பேத்தி லீபாவும் நோய்நொடி இல்லாமல் இருக்க வேண்டும். போனில் சொல்லாமல் எதற்குக் கடிதம் என்று நினைப்பாய், காரணம் பின்னால் வருகிறது, பதறாமல் படி.

இங்கே பனி கொட்டத் தொடங்கிவிட்டது. அம்மா போன பிறகு இது நாலாவது குளிர்காலம். எதிர்வீட்டு ஜெனோவைதேதான் உருளைக்கிழங்கு அப்பம் கொண்டுவந்து தருகிறாள், நாடகக் கொட்டகையில் எனக்கு உடுப்பு மாட்டிவிட்டவள், வாய் மட்டும் இன்னும் ஓய்வு பெறவில்லை. போன ஞாயிறு தொலைக்காட்சியில் என் பழைய போர்ப்படம் ஒன்றைப் போட்டார்கள். அவள் கதவைத் தட்டி, "என்ன மேஜரே, இன்னிக்கும் செத்துட்டீங்களாமே, நான் அப்பத்துக்கு வெச்ச எண்ணெய் காயறதுக்குள்ள சுட்டுப்புட்டாங்க" என்று சிரித்தாள். சிரிக்காமல் என்ன செய்வாள், இருபத்து மூன்று படத்தில் பதினேழில் செத்தவன் நான். அந்தச் சோவியத் காலத்தில் மாஸ்கோ படக்காரர்களுக்கு ஜெர்மன் அதிகாரி வேண்டுமென்றால் நம் ஊரில்தான் ஆள் தேடுவார்கள், என் நீள முகமும் வெளுத்த தலையும் சோறு போட்டன. ஆனால் நம் நாக்கில் வரும் ரஷ்ய மொழி அவர்கள் காதுக்கு ஆகாது. நான் நடித்து முடித்ததும் வேறு ஒருவர் அறைக்குள் உட்கார்ந்து என் வாய்க்குப் பேசிவிடுவார். நம் மொழியில் நடித்த ஒரே படத்திலும் ஊமை வனக்காவலன் வேஷம் கொடுத்தார்கள். மேடையில் பேசியதை யார் பிடித்து வைத்தார்கள்.

அன்று நீ போனில் சொன்னது இன்னும் நெஞ்சில் கிடக்கிறது. நான் அனுப்பிய டிவிடி வட்டில் நான் மேஜராக வரும் அந்தப் போர்ப்படத்தைப் பார்த்து, தாத்தா குரல் கணீரென்று இருக்கிறது என்று லீபா குதித்தாளாம். "அது தாத்தா குரல் இல்லடி, அவர் எங்களோடவும் இருந்ததில்ல, அந்தப் படத்துலயும் இல்ல"ன்னு சொல்லிட்டேம்பா என்றாய். சரியாகத்தான் சொன்னாய். ஐந்து வயதில் நீ காய்ச்சலில் ஆஸ்பத்திரியில் கிடந்தாய், நான் லெனின்கிராடில் படப்பிடிப்பில் இருந்தேன், பதினோரு நாள் கழித்து வந்தேன். நீ என் முகத்தைப் பார்க்காமல் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாய்.

இனி காரணத்தைச் சொல்கிறேன். நீ போனில் கேட்கிற என் தொண்டைக் கரகரப்பு சளி இல்லை. கௌனஸ் பெரியாஸ்பத்திரி டாக்டர் தொண்டையைத் திறந்து குரல்வளையை எடுத்துவிட வேண்டும் என்கிறார், ஜனவரி ஒன்பதாம் தேதி. உயிருக்குப் பயமில்லையாம், பேச்சு மட்டும் போய்விடும். கிறிஸ்துமஸ் கழியட்டும் என்று நான்தான் தள்ளிப்போட்டேன். அதன் பிறகு நீ ஞாயிற்றுக்கிழமை கூப்பிட்டால் எடுப்பேன், ரிசீவரை விரலால் இரண்டு தட்டுத் தட்டுவேன், நான்தான் என்று தெரிந்துகொள். நீ பேசு.

விருந்தில் பிட்டுப் பகிர்ந்து தின்ன மாதாகோயிலில் வாங்கிய கிறிஸ்துமஸ் அப்பளத்தில் பாதியை இதோடு வைத்திருக்கிறேன், என் பாதி இங்கே இருக்கிறது. போன வருஷம் கிறிஸ்துமஸ் மேசையில் அம்மாவுக்குத் தட்டு வைத்து மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு, பக்கத்தில் உனக்கும் ஒன்று வைத்துவிட்டேன். ஜெனோவைதே பார்த்துவிட்டு, "செத்தவங்களுக்கு வைக்கிற தட்டை உசிரோட இருக்கிற பொண்ணுக்கு வைக்கிறீங்களே, புத்தி கெட்டுப்போச்சா" என்று பிடுங்கி அலமாரியில் வைத்தாள். தனிமை தாங்கவில்லை மில்தா, அதனால் வைத்தேன். இந்த வருஷம் வைக்கமாட்டேன். நீயே வந்தால் எடுத்துத் தருகிறேன். முடியாவிட்டால் கோபமில்லை, லீபாவுக்குப் பள்ளிக்கூடம் இருக்கும்.

ஒன்று மட்டும் இத்தனை வருஷமாகச் சொல்லவில்லை, சாக்குச் சொல்வதாக நினைப்பாய் என்று. அந்தப் படத்தில் நான் சாகிற காட்சியை எடுத்தது, நீ ஆஸ்பத்திரியில் கிடந்த நாலாம் நாள். காலையில்தான் அம்மாவின் தந்தி வந்தது. போக விடுங்கள் என்று கேட்டேன், டைரக்டர் விடவில்லை. சாகும்போது வாய் அசைந்தால் போதும், வசனத்தை அப்புறம் பேசிக்கொள்கிறோம் என்றார். நான் வாயை அசைத்தேன்.

போர்வையை இழுத்துப் போர்த்திக்கொள், ஈரக்காலோடு நடக்காதே. காய்ந்த காளான் தனிப் பொட்டலத்தில் வருகிறது. கடவுள் உங்கள் மூவரையும் காக்கட்டும். மறக்காமல் அந்த வட்டைப் போட்டு, மேஜர் பனியில் விழுகிற இடத்தில் சத்தத்தை முழுக்க நிறுத்திவிட்டு, லீபாவோடு என் உதட்டை மட்டும் பார். அது ரஷ்ய மொழி இல்லை, நம் மொழி. "மில்தா, அப்பா வந்துடறேன், கண்ணை மூடிடாதே மில்தா."

உன் அப்பா
ராபோலஸ்