சுணங்கி வந்த சத்தம்

இலஞ்சி,
வியாழக்கிழமை.

அன்பு மகன் சங்கருக்கு அம்மா எழுதுதது. தேஜ்பூர்ல நீ உடம்புக்கு ஒண்ணும் இல்லாம இருக்கணும்னு தினமும் கோயில்ல குமாரரைக் கும்பிடுதேன். இங்க நாங்க சுகம்னு எழுத எனக்குக் கை வரல. உயிரோட இருக்கோம், நேரத்துக்குச் சாப்பிடுதோம், அவ்வளவுதான். நீ போன்ல பேசுதது எங்க காதுல விழக் கால் மணி நேரம் ஆகுது, அதுக்குள்ள நீ கட் பண்ணிருத. வாட்சப்புல இவ்வளவும் தட்ட எனக்கு வராது, அதான் ஸ்பீடு போஸ்ட்ல எழுதுதேன். சித்தப்பா காரியத்துக்கு லீவு கிடைக்கலன்னு மனசப் போட்டு உழப்பாத.

என்ன நடந்துச்சுன்னு நீ கேட்டுக்கிட்டே இருந்த. போன வாரம் திங்கக்கிழமை காலைல, வயல்ல கட்டிக் கிடந்த மழைத் தண்ணிய வடிக்க அப்பாவும் தாணு சித்தப்பாவும் போனாங்க. மதகுல அடைச்சிருந்த வாழை மட்டைய எடுக்கச் சித்தப்பா கால்வாய்ல இறங்கினாங்க, அப்பா பத்தடி தள்ளி முதுகக் காட்டி நின்னு மம்பட்டியால வரப்ப வெட்டிக்கிட்டு இருந்தாங்க. திரும்பிப் பாக்கும்போது தலையில கட்டியிருந்த துண்டு மட்டும் மிதந்திருக்கு. காலு மதகுப் பலகைக்கு அடியில மாட்டிக்கிட்டு. ஆள் வந்து தூக்குததுக்குள்ள எல்லாம் முடிஞ்சுபோச்சு. அப்பா ஒரே பேச்சுதான் சொன்னாங்க, எனக்கு ஒரு சத்தமும் கேக்கல, தண்ணி பாயுத சத்தம்கூட அன்னைக்கு இல்லன்னு. யாரும் நம்பல. எழவு வீட்டுல அத்தன பேர் முன்னால உங்க நிர்மலா சித்தி, ஏன் அத்தான், பத்தடி தூரத்துல நின்னவருக்குக் கேக்காதான்னு கேட்டா. எனக்கும் உள்ளுக்குள்ள ஒரு சந்தேகம் இருந்துச்சுலே, உன்கிட்ட மறைக்க மாட்டேன்.

மறுநாள்லேருந்து ஊருக்குள்ளயும் சத்தம் சுணங்க ஆரம்பிச்சிட்டு. கோயில் மணி ஆடி நின்ன பொறவு சத்தம் வருது. குற்றாலத்துல அருவி அப்படிக் கொட்டுது, சத்தமே இல்லையாம். ஆத்துப் பக்கம், நம்ம வயல் பக்கம் போகப் போகச் சுணக்கம் கூடுது. ஆபீசருங்க ஏதோ மிஷின வச்சுப் பாத்தாங்க, ஒண்ணும் சொல்லாமப் போயிட்டாங்க. அப்பவும் சித்தி மனசு மாறல, பஸ் சத்தம் சுணங்கும், கூடப் பொறந்தவன் கத்துனதும் சுணங்குமான்னா.

நேத்து காலைல, அந்த இடத்துல ஒரு விளக்கு வைக்கணும்னு சித்தி சொன்னா, நாங்க மூணு பேரும் போனோம். கால்வாய்ல முழங்கால் தண்ணிதான் கிடந்துச்சு. விளக்கப் பொருத்தும்போது வெள்ளம் பாயுத இரைச்சல் வந்துச்சு. பொறவு மம்பட்டி வெட்டுத சத்தம். பொறவு தாணு சித்தப்பா குரல், அண்ணே, காலு மாட்டிக்கிட்டுண்ணே, அண்ணேன்னு. எத்தன தடவன்னு எண்ண எனக்குத் தெம்பு இல்ல. கூப்பிடக் கூப்பிட மம்பட்டி சத்தம் நிக்காமக் கேட்டுக்கிட்டே இருந்துச்சு. கடைசில அந்தக் குரல் அடங்கிப் போச்சு, மம்பட்டி அடங்கல. அதுக்கும் பொறவு உங்க அப்பா குரல் சாவகாசமா, தாணு, வெத்தல வச்சிருக்கியாலேன்னு கேட்டுச்சு. சித்தி அப்படியே உக்காந்துட்டா. எந்திரிச்சு வந்து அப்பா ரெண்டு கையையும் பிடிச்சுக்கிட்டு அழுதா, நானும் அழுதேன். வாயத் தொறந்து அழுதோம், ஒரு சத்தமும் வெளிய வரல. கிளம்பும்போது அப்பா மட்டும் மதகுப் பக்கம் திரும்பி நின்னு என்னமோ கத்துனாங்க. கழுத்து நரம்பு புடைச்சதத்தான் பாத்தேன், என்ன சொன்னாங்கன்னு தெரியல.

இப்ப ஊர் பூரா அப்பா மேல குத்தம் இல்லங்குது. சித்தி காலைல வந்து காப்பி போட்டுக் கொடுத்துட்டுப் போனா. ஆனா அப்பா குடிக்கல. பல் தேய்க்கும்போது அப்பா என்னமோ சொன்னாங்க, நான் இட்லி எடுக்கும்போதுதான் அது என் காதுல விழுந்துச்சு. கேட்டிருந்தா மட்டும் நான் இறங்கியிருப்பேனா கல்யாணி, எனக்குத்தான் நீச்சல் தெரியாதேன்னு. ஓடிப் போய் வாசல்ல பாத்தேன், அப்பா தெருவத் தாண்டிப் போயிட்டாங்க. அந்தக் கேள்விக்கு நான் என்ன பதில் சொல்லுவேன் நீயே சொல்லு.

ராசா, நீ நூறு வயசு இருக்கணும், உன் கூட வேல பாக்குத பிள்ளைகளும் நல்லா இருக்கணும். ஆத்துல குளிக்க இறங்காத, யாரு கூப்பிட்டாலும் இறங்காத. இன்னொண்ணு, வர்ற வாரம் வெள்ளிக்கிழமை காலைல வீட்டுக்குப் போன் பண்ணாத, நாங்க இருக்க மாட்டோம். மதகுல சித்தப்பா சத்தம் வந்துசேர ஒம்பது நாள் ஆச்சு. அந்தக் கணக்குல அப்பா கத்துனது அன்னைக்குத்தான் கேக்கும். அப்பா போவேன்னுதான் நிப்பாங்க. நானும் சித்தியும் ஆளுக்கு ஒரு கையப் பிடிச்சுக்கிட்டுப் போறதா இருக்கோம்.

உன் நினைப்பாவே இருக்குத அம்மா,
கல்யாணசுந்தரி நமசிவாயம்.