அவருடைய வியாழக்கிழமை

நவம்பர் 19, புதன்

விடியற்காலையிலிருந்து மழை. கல்லடிப் பாலத்தில் காற்று குடையைப் பிய்த்துவிட்டது. புதிது வாங்க வேண்டும். பல்வலி கொஞ்சம் குறைவு.

தரம் 10க்கு சர்வதேசத் திகதிக் கோடு. கரும்பலகை முழுக்கப் பசுபிக் சமுத்திரம், நடுவே கோடு, தீவுகளுக்காக வளைவுகள். அழகாகவே வந்தது. பதினெட்டு வருடமாகக் கீறுகிறேன், வராமல் என்ன.

நாளை என் புருசன் கோல் எடுப்பார். சரக்குக் கப்பலில் சமையல். அமெரிக்கக் கரையிலிருந்து ஜப்பானுக்குப் போய்க்கொண்டிருக்கிறார்கள். பழைய கப்பல். ஒரே தொலைபேசி, ஆளுக்கு வாரத்தில் ஒரு நாள் முறை. அவருக்கு வியாழன், கப்பல் நேரம் அதிகாலை நாலு, காலைச் சாப்பாட்டுக்குப் பாண் சுடுவதற்கு முன். போன வாரம் இங்கே பி.ப. 5.30. ஒப்பந்தத்தை இன்னும் ஆறு மாதம் நீட்டட்டுமா என்று கேட்டார். கத்தினேன். நல்லாய்க் கத்தினேன். அவர் பேச்சை மாற்றினார்: "கடல் சரியில்ல புள்ள, ரெண்டு நாளா சட்டியெல்லாம்..." அதோடு அறுந்தது.

மேற்கே போகப் போகக் கப்பலில் மணியைப் பின்னுக்கு வைப்பார்கள். கணக்குப் பார்த்தேன். நாளை பி.ப. 8க்கும் 8.30க்கும் இடையில்.

நவம்பர் 20, வியாழன்

மழை விட்டு விட்டு. வாவி ஒரே கலங்கல்.

அவரிடம் சொல்ல:
கூரை ஒழுக்கு, இப்போது இரண்டு இடத்தில்
மாமிக்குக் கண் ஒப்பரேஷன் மார்கழியில்
கத்தினதுக்கு மன்னிப்பு (இதை முதலில்)

8.00, இல்லை. 8.30, இல்லை. மாமி சித்தாண்டியிலிருந்து மூன்று தரம் எடுத்துவிட்டார்.

"மகன் எடுத்தானா கா?"

"இல்ல மாமி. நீங்க பேசிக்கொண்டிருந்தா அவருக்கு லைன் கிடைக்காது, வையுங்க."

பாவம். அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது.

கப்பல்களைக் காட்டும் செயலியில் நடுக்கடல் வெறுமை. இவருடைய கப்பல் போன வாரத்து இடத்திலேயே நிற்கிறது. செய்தியில் வட பசுபிக்கில் தாழமுக்கமாம், பெருங்காற்றாம். ஏன்தான் பார்த்தேனோ. சித்தாண்டி முருகனுக்குப் பொங்கல் நேர்ந்தேன். கடைசியாக என் வாயிலிருந்து அவர் கேட்டது அந்தக் கத்தல்தானா? முருகா, வேண்டாம்.

நவம்பர் 21, வெள்ளி

வெயில்!

இரண்டாம் பாடம், தரம் 8. ஸ்டாஃப் ரூமில் என் பக்கத்து மேசை பரீதா டீச்சர் என் தொலைபேசியைத் தூக்கிக்கொண்டு மூச்சு வாங்க ஓடி வந்தார். "டீச்சர், நீட்டு நம்பர்! கப்பல்தான், எடுங்க!"

அவர் குரல். விறாந்தையில் அப்படியே குந்திவிட்டேன்.

"ஏன் நேத்து எடுக்கல்ல? செத்துப் போயிற்றன் நான்."

"நேத்து எனக்கு முறை இல்லயே. நேத்து புதன்."

"நேத்து வியாழன்!"

"எங்களுக்கு வியாழனே வரல்ல புள்ள. புதன் படுத்தம், எழும்பினா வெள்ளி. திகதிக் கோட்டைத் தாண்டிற்றம். என்ட முறை கடலுக்குள்ள போயிற்று. பிலிப்பைன்ஸ்காரன் ஒருவன் அவன்ட முறையில பத்து நிமிசம் தந்தான். நாளைக்கு அவனுக்குப் புட்டு அவிக்கோணும்."

பிறகு, "நீ படிப்பிக்கிற பாடம்தானே இது?"

சிரிப்பும் அழுகையும் ஒன்றாக. தரம் 8 முழுக்க ஜன்னலில். 'மேற்கே கடந்தால் ஒரு நாள் போய்விடும்' என்று புதன்கிழமை எழுதி அடிக்கோடும் போட்டேனே! மணியெல்லாம் கூட்டிக் கழித்தவளுக்குக் கோடு மட்டும் நினைவில் வரவில்லை. அது பரீட்சைக்கு வருவது, என் புருசனுக்கு வரும் என்று யார் கண்டது.

அவர் சுகம். இரண்டு சட்டி நெளிந்ததாம், அவ்வளவுதான். கூரை, ஒப்பரேஷன் எல்லாம் மறந்து போயிற்று, மன்னிப்பு மட்டும் கேட்டேன். "நீ கத்தினது நல்லம். நான் கையெழுத்து வைக்கல்ல. தையில வாறன்."

பரீதா டீச்சர் "அல்ஹம்துலில்லாஹ்" என்றார். நான் திரும்பிப் போகுமுன் ஸ்டாஃப் ரூம் முழுக்கச் சொல்லியும் விட்டார். ஜோக்ரபி டீச்சர் கிழமையைத் தொலைத்த கதை. இனி வருடக்கணக்கில் ஓடும். ஓடட்டும்.

பி.ப. மாமிக்கு எடுத்தேன். முதலில் அழுதார். திகதிக் கோட்டை விளங்கப்படுத்த அரை மணித்தியாலம். பிறகு மெதுவாக:

"அப்ப அவனுக்கு ஒரு நாள் குறைஞ்சு போயிற்றெண்டா, தையில ஒரு நாள் முந்தி வருவானா கா?"

பதினெட்டு வருடம் புவியியல் படிப்பிக்கிறேன்.

"ஓம் மாமி," என்றேன். "முந்தி வருவார்."