கண்ணையன் வயது

என் மகளுக்கு,

திண்டிவனம் கோர்ட்டு வாசலிலிருந்து அப்பன் சொல்ல, வக்கீல் குமாஸ்தா எழுதுவது.

உன் பையன் கண்ணையன் நேற்றுக் கொஞ்சம் சோறு தின்றான். மல்லாட்டைக் காட்டில் அந்த ஆளை வெட்டியது அவன்தானா என்று நான் கேட்கவில்லை. நீயும் கேட்காதே.

இப்போது எல்லாம் அவன் வயதில் நிற்கிறது. பதினாறு முடியவில்லை என்றால் செங்கல்பட்டில் பிள்ளைகளை வைக்கிற பள்ளிக்கு அனுப்புவார்கள். முடிந்திருந்தால் தூக்கு வரைக்கும் போகலாம். டாக்டர் பல்லைப் பார்த்துவிட்டு உறுதியாகச் சொல்ல முடியாது என்றார். போலீசார் ஒலக்கூர்ப் பிறப்புப் பதிவைக் காட்டிப் பதினெட்டு என்கிறார்கள்.

அது மூத்தவனுடைய பதிவு. அவன் வாந்திபேதியில் போனான். ஊரே சுருண்டு கிடந்த நேரத்தில் சாவை யார் போய்ப் பதிந்தார்கள்? மூன்று வருஷம் கழித்து இவன் பிறந்ததும், போனவனே திரும்பி வந்துவிட்டான் என்று அதே பேரை வைத்தாய். பிறப்பைப் பதியவும் விடவில்லை. அதற்குப் பிறகு உன் முன்னால் யாரும் மூத்தவன் பேச்சை எடுத்ததில்லை.

நான் கூண்டில் ஏறிச் சொன்னேன். "ஒரே பேர்ல ரெண்டு புள்ளயா? கதை கட்டிக்கினு வந்துட்டியா பெருசு?" என்று சர்க்கார் வக்கீல் சிரித்தார். நம் வக்கீல், "பெத்தவ வந்து சொன்னாதான் எடுபடும்" என்கிறார். நீயோ, "எனக்கு ஒரே புள்ளதான்" என்று சொல்லியனுப்பியிருக்கிறாய்.

வெள்ளிக்கிழமை விசாரணை. முதல் பஸ்ஸில் வந்துவிடு. உனக்கு எத்தனை பிள்ளை பிறந்தது என்று கேட்பார்கள். என்னைப் பார்க்காதே, பையனையும் பார்க்காதே. இரண்டு என்று சொல். ஒன்று செத்துவிட்டது என்று சொல்.

உன் அப்பன்,
கைநாட்டு.